மதிய மருந்துக்கு முன்

ஜப்பானுக்குப் போய் வந்தவன் என்று மலாயாவில், ஜொகூரின் லாயாங் லாயாங் வட்டாரத்தில் எனக்கு ஒரு பெயர் உண்டு. கல்யாண வீடோ காரிய வீடோ, நான் பாயில் உட்கார்ந்ததுமே யாராவது பிடித்துக்கொள்வார்கள். "டிரசரையா, அந்தக் கியோத்தோ கதையச் சொல்லுங்க." நானும் சொல்வேன். ஆயிரம் சிலைகள் படைவீரர் மாதிரி வரிசையில் நிற்கும் கோயிலைச் சொல்வேன். மலைச்சரிவில் மரத்தூண்கள் தாங்கி நிற்கும் இன்னொரு கோயிலைச் சொல்வேன். கேட்பவர்கள் வாயைப் பிளப்பார்கள். நான் சொல்வதில் முக்கால்வாசி அந்த ஊர் வழிகாட்டி சொன்னது. அன்று காலை பத்து மணிக்கு மேல் நான் உருப்படியாகப் பார்த்தது கடிகாரத்தை மட்டும்தான்.

முப்பதுகளின் தொடக்கம் அது. ஜொகூரில் ஜப்பான்காரர்களின் ரப்பர் தோட்டங்கள் நிறைய இருந்தன. அப்படி ஒன்றில் நான் ஆஸ்பத்திரி டிரசர். டாக்டர் மாதத்துக்கு ஒருமுறை வந்து எட்டிப் பார்ப்பார். மற்ற நாளெல்லாம் ஊசி, கட்டு, பிரசவம், பேதி, காய்ச்சல் எல்லாம் என் தலையில். எனக்கு அதில் கொஞ்சம் கர்வமும் உண்டு. பன்னிரண்டு வருஷத்தில் என் மருந்தால் யாருக்கும் கெடுதல் வந்ததில்லை என்று வாய்விட்டே சொல்லிக்கொள்வேன்.

தோட்டத்துத் துரை ஜப்பான்காரர். அவர் மனைவி காய்ச்சலில் இறந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. ஆறு வயதில் ஒரே மகள். அம்மா போன பிறகு அந்தக் குழந்தையை வளர்த்தது எங்கள் தொழிலாளர் லயத்து ஆயா. அதனால் பாப்பா தமிழில்தான் சண்டை போடும், தமிழில்தான் அழும். இராச் சாப்பாட்டில் அப்பாவோடு பேசுகிற அளவுக்கு ஜப்பானிய மொழியும் தெரியும். பாப்பாவுக்கும் காய்ச்சல் விட்டு விட்டு வர ஆரம்பித்தது. துரை பயந்துபோனார். கியோத்தோவில் இருக்கும் தன் அக்காவிடம் குழந்தையை அனுப்பிவிடுவது என்று முடிவு செய்தார். தோட்டத்தை விட்டு அவரால் நகர முடியவில்லை. என்னைக் கூப்பிட்டு மலாயில் சொன்னார்: "அவளைக் கொண்டுபோய் என் அக்கா கையில் கொடு. உன்னைத்தான் நம்புகிறேன். வேலை முடிந்ததும் ஒரு நாள் என் ஊரைச் சுற்றிப் பார்த்துவிட்டு வா, ஏற்பாடு செய்கிறேன்."

இங்கே எங்கள் ஆஸ்பத்திரி வழக்கம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். மலேரியாக் காய்ச்சலுக்கான கொயினா மருந்தை நாங்கள் கெட்டியாகக் காய்ச்சிப் பெரிய ஜாடியில் வைத்திருப்போம். காலையில் பின்னறையில் வைத்து, ஒரு பங்கு மருந்துக்கு மூன்று பங்கு தண்ணீர் ஊற்றிக் கலக்கிச் சின்னப் புட்டிகளில் நிரப்புவேன். சனங்கள் பார்ப்பது அந்தச் சின்னப் புட்டியை மட்டும்தான். அவர்களிடம் நான் சொல்வதும் ஒன்றே ஒன்று: "ஒரு கரண்டி, மூணு வேளை, சாப்பிட்ட பிறகு." தண்ணீர் பற்றி யாரிடமும் பேசியதே இல்லை. பேச வேண்டிய தேவை வரவில்லை.

கப்பலில் இடம் அடைக்காமல் இருக்கட்டும் என்று கெட்டி மருந்தையே ஒரு புட்டியில் எடுத்துக்கொண்டேன். சிங்கப்பூரிலிருந்து கோபே துறைமுகம் வரைக்கும் மூன்று வேளையும் நானே தண்ணீர் கலந்து நானே கொடுத்தேன். கியோத்தோவில் பாப்பாவின் அத்தை வீட்டுக்குப் போய்ச் சேர்ந்த மாலையும், அடுக்களை ஓரத்தில் நின்று ஒரு கிண்ணத்தில் கலந்து பாப்பாவுக்குக் கொடுத்தேன். பிறகு புட்டியை அத்தையிடம் ஒப்படைத்தேன். தோட்டக் கம்பெனியின் கோபே அலுவலகத்திலிருந்து எங்களோடு வந்த குமாஸ்தாவுக்கு ஆங்கிலம் தெரியும். அவர் தாளை விரித்து, எப்படிக் கொடுக்க வேண்டும் என்று கேட்டார். பன்னிரண்டு வருஷப் பழக்கம், வாய் தானாகத் திறந்தது. ஒரு கரண்டி, மூன்று வேளை, சாப்பிட்ட பிறகு. அவர் எழுதினார். அத்தை குனிந்து வணங்கினார். நானும் குனிந்துவிட்டு, பெரிய வேலை முடிந்த நிம்மதியில் விடுதிக்குப் போய் நன்றாகத் தூங்கினேன்.

மறுநாள் எட்டு மணிக்கு வழிகாட்டி வந்தார். ஐம்பது வயது இருக்கும். கறுப்புக் கோட்டு, கையில் குடை, சட்டைப்பையில் நேரம் குறித்த ஒரு தாள். அவருடைய ஆங்கிலம் என்னுடையதைவிடச் சுத்தமாக இருந்தது. அது வேறு எனக்குக் கடுப்பு. தாளை எனக்குப் படித்துக் காட்டினார். காலையில் இரண்டு கோயில், மதியச் சாப்பாடு, அதன் பிறகு ஏரிக்கரையில் பொன்தகடு போர்த்திய மண்டபம், நான்கு மணிக்கு அத்தை வீட்டில் விடைபெறுதல், ஐந்தரைக்கு ரயில், மறுநாள் காலை கோபேயில் கப்பல்.

ஆயிரம் சிலைகளை நான் நிஜமாகவே பார்த்தேன். இருட்டான நீள மண்டபத்தில் ஒவ்வொரு முகமும் வேறு வேறு என்று அவர் சொன்னார். தேடினால் நமக்கு வேண்டியவரின் முகமும் கிடைக்குமாம். நான் சிரித்துக்கொண்டே எங்கள் கங்காணியின் முகத்தைத் தேடினேன். அதுதான் அன்றைக்கு நான் சிரித்த கடைசிச் சிரிப்பு.

மேட்டில் ஏறி மலைக்கோயிலுக்குப் போனோம். அடியில் பாறையிலிருந்து தண்ணீர் மூன்று தாரைகளாக விழுகிறது. சனங்கள் நீளக் காம்பு வைத்த அகப்பையில் அதைப் பிடித்துக் குடிக்கிறார்கள். வழிகாட்டி ஓர் அகப்பையை என் கையில் கொடுத்தார். நான் நீட்டினேன். தண்ணீர் அகப்பையில் விழுந்து கனத்தது. என் ஆஸ்பத்திரிப் பின்னறையில் நான் மருந்துக்குத் தண்ணீர் மொள்ளும்போது கையில் தெரிகிற அதே கனம்.

ஒன்று, இரண்டு, மூன்று என்று மனசு எண்ணியது. மூன்று பங்கு தண்ணீர். யார் ஊற்றுவார்கள்?

அகப்பைத் தண்ணீர் என் காலணி மேல் கொட்டியது. காலையில் ஒரு கரண்டி கெட்டி மருந்து உள்ளே போயிருக்கும். ஒரு கரண்டி என்றால் நான்கு வேளை மருந்து. அதை அந்தச் சின்ன உடம்பு எப்படியாவது தாங்கிவிடலாம். மதியம் இன்னொரு நான்கு வேளை போனால் இதயம் தாங்காது. கொயினா அளவு மீறி, காதில் இரைச்சல் எடுத்து, கண்பார்வை போன கேஸ்களைப் பெரிய ஆஸ்பத்திரியில் பயிற்சியில் இருந்தபோது பார்த்திருக்கிறேன். எழுந்திருக்காமலே போன ஒரு கேஸும் உண்டு. வழிகாட்டியின் கடிகாரத்தைக் கேட்டு வாங்கிப் பார்த்தேன். பத்து மணி.

அந்த நிமிஷமே உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும். நான் சொன்னது இது: "குழந்தையைப் பார்க்க வேண்டும் போல இருக்கிறது. இப்போதே அந்த வீட்டுக்குப் போகலாமா?"

அவர் புன்னகைத்தார். "நான்கு மணிக்குப் போகிறோமே ஐயா."

"இப்போதே போனால் என்ன?"

"அவர்கள் உங்களுக்காக விருந்து தயார் செய்துகொண்டிருப்பார்கள். சொன்ன நேரத்துக்கு முன்னால் போய் நின்றால் அந்த அம்மாவுக்குச் சங்கடம். குழந்தையைப் பிரிந்து வந்தது உங்களுக்கு வருத்தமாக இருக்கிறது. புரிகிறது. மேலே போவோம், அங்கிருந்து ஊர் முழுவதும் தெரியும்."

மனுஷர் என்னைப் பாசக்காரன் என்று நினைத்துக்கொண்டார். நான் ஏன் வாயைத் திறக்கவில்லை? இன்றைக்கு மழுப்ப வேண்டியதில்லை, சொல்லிவிடுகிறேன். பயம். இவரிடம் சொன்னால் இவர் அத்தையிடம் சொல்லுவார், அத்தை துரைக்கு எழுதுவார். குழந்தைக்கு விஷம் கொடுத்த டிரசர் என்று வேலையைவிட்டு விரட்டுவார்கள். வேறெந்தத் தோட்டமும் என்னைச் சேர்க்காது. வீட்டில் மனைவி, அவள் வயிற்றில் மூன்றாவது. இப்படி ஒரு பக்கம் ஓடியது. இன்னொரு பக்கம், நானே எப்படியாவது அந்த வீட்டுக்குள் போய், யாருக்கும் தெரியாமல் புட்டியில் தண்ணீர் கலந்துவிட்டு வந்துவிடலாம் என்ற குறுக்குப் புத்தி. அதற்கு ஒரு சாக்கு வேண்டும். சாக்குத் தேடிக்கொண்டே மலைக்கோயிலின் மரமேடை மேல் நின்றேன். கீழே ஊர் கிடந்தது. கூரைகள், கூரைகள், கூரைகள். அதில் எந்தக் கூரைக்குக் கீழே என்று கண் தேடியது. அவர் தூண்களில் ஆணியே அடிக்கவில்லை என்று விளக்கிக்கொண்டிருந்தார்.

"மணி என்ன?"

"பத்தே முக்கால். ஏன் ஐயா, அவசரமே இல்லை, நேரம் நிறைய இருக்கிறது."

கடைகளில் பீங்கான் கிண்ணங்கள் விற்கும் சரிவான தெரு வழியாக இறங்கினோம். தொப்பியை அத்தை வீட்டில் மறந்துவிட்டேன் என்று சொல்லிப் பார்க்கலாம் என்று வாயெடுத்தேன். தொப்பி என் தலையிலேயே இருந்தது. அவர் ஒவ்வொரு கடையிலும் நின்று நிதானமாக விளக்கம் சொன்னார். ஒரு கிண்ணத்தை எடுத்து என் கையில் வைத்தார். நான் அதைப் பார்க்காமல் தெருமுனையையே பார்த்துக்கொண்டிருந்தேன், அவரே திரும்ப வாங்கி வைத்துவிட்டார்.

கடைசியில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தேன். "வயிறு வலிக்கிறது. என்னால் நடக்க முடியாது. என்னைத் தெரிந்தவர்கள் வீட்டுக்குக் கூட்டிப் போங்கள்."

இந்த ஊரில் எனக்குத் தெரிந்தவர்கள் வீடு ஒன்றே ஒன்று. அவருக்கு அது தோன்றும் என்று நினைத்தேன். அவரோ பதறிப்போய், என் கையைத் தோளில் போட்டுக்கொண்டு, நாலு கடை தள்ளி இருந்த மருந்துக்கடைக்கு என்னைத் தாங்கிக்கொண்டு போனார்.

கடைக்காரர் வட்டக் கண்ணாடி போட்ட கிழவர். என் வயிற்றை அமுக்கிப் பார்த்தார், நாக்கை நீட்டச் சொன்னார். எத்தனை நாளாக, என்ன சாப்பிட்டேன், வேறு ஏதாவது மருந்து சாப்பிடுகிறேனா என்று கேட்டார். வலியே இல்லாத வயிற்றுக்கு நான் பொய் மேல் பொய்யாகப் பதில் சொன்னேன். சிறு கறுப்பு மாத்திரைகளைத் தாளில் எண்ணி வைத்தார். பிறகு எப்படிச் சாப்பிடுவது என்று வழிகாட்டியிடம் சொன்னார். வழிகாட்டி எனக்கு மொழிபெயர்த்தார். கிழவர் விடவில்லை. நான் என்ன புரிந்துகொண்டேன் என்று திருப்பிச் சொல்லச் சொன்னார். சொன்னேன். எவ்வளவு வெந்நீரோடு என்று கேட்டார். நான் முழித்தேன். ஒரு கோப்பையை எடுத்து, விரலால் அளவு காட்டி, மறுபடியும் சொல்லச் சொன்னார். நான்கு மாத்திரைக்கு, முன்பின் தெரியாத ஒருவனுக்கு, அத்தனை அக்கறை. என் கண்ணில் நீர் முட்டிவிட்டது.

"எனக்கு வயிற்றுவலி இல்லை," என்றேன். பிறகு எல்லாவற்றையும் கொட்டினேன். கெட்டி மருந்து, தண்ணீர், நான் சொல்ல மறந்தது, மதிய வேளை, எல்லாம். சுவர்க்கடிகாரத்தில் பதினொன்றரை.

வழிகாட்டி குடையைக் கடையிலேயே போட்டுவிட்டுத் தெருவுக்கு ஓடி, ஒரு வாடகைக் காரை மறித்தார். காருக்குள் அவர் ஓட்டுநரிடம் ஏதேதோ கத்தினார். காலையிலிருந்து அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. டிராம் குறுக்கே வந்தது, கைவண்டி குறுக்கே வந்தது, பள்ளிக்கூடப் பிள்ளைகள் இரண்டிரண்டு பேராகக் கைகோத்துச் சாலையைக் கடந்தார்கள். அந்தப் பிள்ளைகளின் வரிசை முடிகிற வரைக்கும் நான் முருகனைக் கூப்பிட்டேன், மாரியாத்தாளைக் கூப்பிட்டேன், காலையில் பார்த்த ஆயிரம் பேரையும் கூப்பிட்டேன். தறிச்சத்தம் கேட்கும் சந்தில் கார் நின்றபோது எங்கோ பன்னிரண்டு மணிச் சங்கு ஊதி ஓய்ந்திருந்தது.

காலணியைக் கழற்றாமல் வீட்டுக்குள் ஓடினேன். அந்த ஊரில் அது எப்பேர்ப்பட்ட தப்பு என்று பிறகுதான் தெரியும்.

பாப்பா விரிப்பில் படுத்திருந்தது. கண் திறந்திருந்தது. அத்தை பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். புட்டியும் கரண்டியும் தட்டில் இருந்தன. கரண்டி காய்ந்திருந்தது.

"மத்தியான மருந்து குடிச்சியா பாப்பா?"

குழந்தை என் வாயையே பார்த்தது. "சத்தமா பேசுங்க டிரசரையா. காதுல வண்டு கத்துது."

"மத்தியான மருந்து! குடிச்சியா?"

"இல்ல. காலையில குடிச்சேன். அலமாக், என்னா கசப்பு! துப்பிட்டேன்னு அத்தை மறுபடியும் குடுத்தாங்க. நான் மாட்டேன்னு அழுதேன். பாரு, நானும் குடிக்கிறேன்னு அத்தையும் ஒரு கரண்டி குடிச்சாங்க. அப்புறம் நானும் குடிச்சிட்டேன். இப்ப அத்தைக்கும் காது கேக்கல." அதற்கு அதுதான் வேடிக்கையாக இருந்தது போல, லேசாகச் சிரித்தது.

அப்படியே உட்கார்ந்தேன். பிறகு தெரிந்தது: தன் காதில் இரைச்சல் கேட்டதும், மருந்தில் ஏதோ கோளாறு என்று அத்தை தானாகவே மதிய வேளையை நிறுத்தியிருந்தார். நான்கு மணிக்கு நான் வந்ததும் கேட்டுக்கொள்ளலாம் என்று காத்திருந்தார். பாப்பாவின் நாடியைப் பிடித்துப் பார்த்தேன். வேகமாக ஓடியது, ஆனாலும் சீராக இருந்தது. விரல்களைக் காட்டி எண்ணச் சொன்னேன். சரியாக எண்ணியது. கண்ணுக்கு ஒன்றும் ஆகவில்லை. இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டு நான் அழுதேன்.

வழிகாட்டி அத்தைக்கு முன் மண்டியிட்டு மெல்லிய குரலில் எதையோ சொன்னார். அத்தை காதருகே கையை வைத்து, கேட்கவில்லை என்று தலையாட்டினார். அவர் மறுபடியும், கொஞ்சம் சத்தமாக. மறுபடியும் கேட்கவில்லை. கடைசியில் வீடே அதிரும்படி சொல்ல வேண்டியதாயிற்று. அத்தை கேட்டு முடித்து, என் பக்கம் திரும்பி, நெற்றி தரையில் படும்படி வணங்கினார்.

"என்ன சொன்னாரு பாப்பா?"

"கப்பல்ல வந்ததால மருந்து கெட்டியாயிடுச்சாம். உங்களுக்கு அது கோயில்ல தோணிச்சாம், உடனே ஓடி வந்தீங்களாம். அப்படியா டிரசரையா?"

என் மானத்தைக் காப்பாற்ற அந்த நல்ல மனுஷர் ஒரு பொய் கட்டியிருந்தார். நான் தலையை ஆட்டினால் போதும், எல்லாம் முடிந்தது. குழந்தை என்னையே பார்த்துக்கொண்டிருந்தது. ஆறு வயது. கப்பலில் தினமும் மூன்று வேளை எதுவும் கேட்காமல் என் கையிலிருந்து வாங்கிக் குடித்த குழந்தை.

"இல்லம்மா. தண்ணி ஊத்தணும்னு சொல்ல நான்தான் மறந்துட்டேன். தப்பு என்னோடது. அத்தைக்கிட்ட அப்படியே சொல்லு."

பாப்பா எழுந்து உட்கார்ந்து, அத்தையின் காதில் வாயை வைத்துக் கத்திச் சொன்னது. வழிகாட்டி தலையைத் தொங்கப்போட்டார். அத்தை என்னைப் பார்த்தார். முகத்தில் கோபம் இருந்ததா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. பிறகு ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

பாப்பா எனக்குச் சொன்னது: "எப்ப ஞாபகம் வந்துச்சுன்னு கேக்குறாங்க."

வாய்க்குள் பதில் தயாராக இருந்தது. பத்து மணிக்கு. அகப்பையில் தண்ணீர் விழுந்தபோது. அதற்குப் பிறகு ஒன்றரை மணி நேரம் நான் ஊர் பார்த்தேன்.

"இப்பதான்," என்றேன். "ஞாபகம் வந்ததும் ஓடி வந்துட்டேன்."

குழந்தை அதை ஒரு வார்த்தை மாற்றாமல் கத்திச் சொன்னது. வழிகாட்டி அதைக் கேட்டார். பத்து மணிக்கு என் கையில் கடிகாரத்தைக் கொடுத்தவர் அவர். பையிலிருந்த நேரத்தாளை எடுத்து, மடித்து, மறுபடியும் பையிலேயே வைத்துக்கொண்டார். பொன்மண்டபத்துக்கு நாங்கள் போகவில்லை. மாலை வரை நான் பாப்பாவின் பக்கத்திலேயே இருந்தேன். எப்படிக் கலக்குவது என்று அத்தைக்கு மூன்று முறை செய்து காட்டினேன், அவரையும் செய்யச் சொல்லிப் பார்த்தேன். ஐந்து மணிக்குப் பாப்பாவின் காதில் இரைச்சல் குறைந்திருந்தது. ரயிலடிவரை வழிகாட்டி என்னோடு வந்தார். வழியில் அவர் எந்த இடத்தையும் எனக்குக் காட்டவில்லை.

தோட்டத்துக்குத் திரும்பி, ஒவ்வொரு தபாலுக்கும் பயந்துகொண்டு ஒரு மாதம் இருந்தேன். ஒருநாள் துரை கூப்பிட்டனுப்பினார். மேஜை மேல் அக்காவின் கடிதம் இருந்தது. எழுந்து வந்து என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார்.

"எல்லாம் எழுதியிருக்கிறாள்," என்றார். "தப்பு யாருக்கும் வரும். ஆனால் நினைவு வந்த அந்த நிமிஷமே, செருப்பைக்கூடக் கழற்றாமல் ஓடி வந்தாயாமே. அதனால்தான் நீ இங்கேயே இருக்க வேண்டும் என்று எழுதியிருக்கிறாள்."

நான் நன்றி சொன்னேன்.